கொலோசியத்தில் இரவுச் சுற்று: நிலவறை சேர்ந்திருந்தால் மட்டும் பணம் கட்டுங்கள்

ரோமில் கொலோசியத்தின் பெயரைச் சொல்லி இரவில் விற்கப்படும் சுற்றுகள் மூன்று ரகம். முதல் ரகத்தில் உள்ளேயே போவதில்லை. கட்டடத்தை வெளியே ஒரு சுற்று சுற்றி, பழைய ரோமின் பொதுச் சதுக்கமான ஃபோரம் பக்கம் நடத்திக் கூட்டிப்போய் முடித்துவிடுவார்கள். இரண்டாவது ரகத்தில் உள்ளே நுழைந்து ஆடுகளத்தின் மரத்தளம் வரை போகலாம். மூன்றாவதில் அதற்கு அடியில் இருக்கும் நிலவறையும் சேரும். கொடுக்கிற காசுக்கு முழுமையாகத் தகுவது இந்த மூன்றாவது ரகம்தான். முதல் ரகத்துக்கு ஒரு காசும் கொடுக்க வேண்டாம். வெளிப்புறச் சாலைகள் எல்லோருக்கும் பொது, விளக்கும் இலவசமாகவே எரிகிறது.

விளம்பரத்தில் மூன்றுக்கும் ஒரே படத்தைத்தான் போடுகிறார்கள். அதனால் தலைப்பை விட்டுவிட்டு, கட்டணத்தில் என்னென்ன அடங்கும் என்ற பகுதியைப் படியுங்கள். ‘உள்ளே நுழைவு’, ‘அரீனா’ (ஆடுகளம்), ‘ஹைப்போஜியம்’ (நிலவறை) அல்லது அதற்கு இத்தாலிய மொழியில் ‘சோத்தெர்ரானெய்’ என்ற சொற்கள் அங்கே தனித்தனியாக இருக்க வேண்டும். ‘கொலோசியம் பகுதி’, ‘கொலோசியம் காட்சி’ என்று மட்டும் இருந்தால் அது வெளிப்புற நடைதான்.

முதன்முறை ரோமுக்குப் போகிறவர்கள், ஒரே ஒரு தடவைதான் கொலோசியம் பார்க்கப் போகிறோம் என்றால், இரவுச் சுற்றோடு நிறுத்திக்கொள்ளக் கூடாது. 18 யூரோ பகல் டிக்கெட்டில் கொலோசியத்தோடு ரோமன் ஃபோரமும் பாலட்டைன் குன்றும் சேர்ந்தே வரும். இரவில் அவை இரண்டும் மூடியிருக்கும். மேல் அடுக்குகளுக்கும் பொதுவாக இரவில் விட மாட்டார்கள். இருக்கை வரிசைகள் எப்படிச் சரிந்து இறங்கின, செனட்டர் எங்கே உட்கார்ந்தார், பெண்களும் ஏழைகளும் உச்சியில் எங்கே உட்கார்ந்தார்கள் என்பதெல்லாம் மேலே நின்று பார்த்தால்தான் பிடிபடும். பகலில் ஒரு முறை மேலே, இரவில் ஒரு முறை கீழே என்று பிரித்துக்கொள்வதே சரியான திட்டம். பகல் டிக்கெட்டைக் காட்டி இரவில் நுழைய முடியாது, இரண்டும் தனித்தனிக் கணக்கு.

அதிகாரபூர்வ இரவுத் திறப்பு ஆண்டு முழுவதும் கிடையாது. கோடையை ஒட்டிய மாதங்களில், வாரத்தில் சில இரவுகள் மட்டும் நடக்கும். எந்தெந்த இரவு என்பது ஆண்டுக்கு ஆண்டு மாறும் என்பதால் பழைய பயணக் குறிப்புகளை நம்பித் தேதி போடாதீர்கள். கொலோசியத்தின் சொந்த டிக்கெட் தளத்தில் பார்த்து உறுதி செய்துகொண்ட பிறகு விமான டிக்கெட் எடுப்பது நல்லது. பகல் டிக்கெட்டுகள் அங்கே 30 நாளுக்கு முன்னால் திறக்கும். நிலவறை இடங்கள் திறந்த சில நிமிடங்களிலேயே விற்றுத் தீர்ந்துவிடும். இதில் நம் பக்கம் தவறில்லை. மொத்தமாக டிக்கெட்டை வாரிச் சுருட்டி விலை ஏற்றி விற்கும் வழக்கம் பல ஆண்டுகள் நடந்து, 2025 ஏப்ரலில் இத்தாலியின் போட்டி ஆணையம் டிக்கெட் விற்ற அமைப்பு மீதும் சில சுற்றுலா நிறுவனங்கள் மீதும் சேர்த்துக் கிட்டத்தட்ட 2 கோடி யூரோ அபராதம் போட்டது. தானியங்கி மென்பொருள் வைத்து டிக்கெட் எடுத்ததும் அந்தக் குற்றச்சாட்டில் அடக்கம். இரவுக்கும் நிலவறைக்கும் இடம் குறைவு என்பதால் அங்கே நெருக்கடி இன்னும் அதிகம்.

அதிகாரபூர்வத் தளத்தில் கிடைக்காவிட்டால் தனியார் நிறுவனங்கள்தான் வழி. விலை பல மடங்கு இருக்கும். அந்தக் கூடுதல் பணத்துக்கு ஈடாகக் கேட்க வேண்டியவை மூன்று: குழுவில் அதிகபட்சம் எத்தனை பேர், நிலவறைக்குள் எவ்வளவு நேரம், கடைசி நேரத்தில் நிலவறை மூடப்பட்டால் பணம் திரும்ப வருமா அல்லது ‘மாற்று ஏற்பாடு’ என்று வெளியே சுற்றிக் காட்டிவிடுவார்களா. கடைசிக் கேள்விக்கு எழுத்தில் பதில் வராத இடத்தில் பணம் கட்ட வேண்டாம். நிலவறையில் தண்ணீர் தேங்கினால் மூடுவார்கள், ஊழியர் வேலைநிறுத்தம் வந்தாலும் மூடுவார்கள். இரண்டுமே ரோமில் அபூர்வமில்லை.

தமிழர்கள் அதிகம் மாட்டிக்கொள்ளும் இடம் பெயர். 2023 அக்டோபரிலிருந்து டிக்கெட்டில் பெயர் அச்சாகிறது, வாயிலில் அடையாள ஆவணத்தோடு ஒப்பிட்டுப் பார்க்கிறார்கள். நம்மில் பலருக்குப் பாஸ்போர்ட்டில் குடும்பப் பெயர் என்ற கட்டமே காலியாக இருக்கும். சிலருக்கு அப்பா பெயர் அங்கே போயிருக்கும், வெளியில் இனிஷியலோடு எழுதுவது வேறாக இருக்கும். டிக்கெட் படிவமோ இரண்டு கட்டத்தையும் நிரப்பினால்தான் நகரும். பாஸ்போர்ட்டில் இருக்கும் எழுத்துக்கூட்டலை அப்படியே போடுங்கள், இனிஷியலைச் சுருக்கி எழுதாதீர்கள். ஒரே பெயர்தான் உண்டென்றால் அதையே இரண்டு கட்டத்திலும் போடுவது பாதுகாப்பானது. பாஸ்போர்ட்டைக் கையோடு கொண்டுபோக வேண்டும். குழந்தைகளுக்கும் இதேதான். 18 வயதுக்குக் கீழே நுழைவு இலவசம் என்றாலும் பெயர் போட்டு முன்பதிவு செய்தாக வேண்டும், கைடு கட்டணம் தனியாக வரும்.

அடுத்தது எந்த நேரத்தைத் தேர்ந்தெடுப்பது. இங்கேதான் நிறையப் பேர் ஏமாற்றத்தோடு திரும்புகிறார்கள். ஜூன் கடைசியில் ரோமில் சூரியன் மறைவது இரவு 8.50 வாக்கில். 8 மணிச் சுற்றுக்குப் போனால் இரவுக் கட்டணம் கொடுத்து வெயிலில் நிற்பீர்கள். ஆகஸ்ட் நடுவில் மறைவு 8.10, செப்டம்பர் நடுவில் 7.20, அக்டோபர் நடுவில் 6.30. சூரியன் மறைந்து 20 முதல் 30 நிமிடம் கழித்து வானம் கருநீலமாக நிற்கும், வளைவுகளுக்குள் விளக்கு மஞ்சளாக எரியும். அந்தச் சமயத்தில் மரத்தளத்தின் மேல் நிற்கிற மாதிரி நேரத்தைப் பிடியுங்கள். அதற்குப் பிறகு வானம் கருத்துவிடும், கட்டடத்தின் மேல் விளிம்பு எங்கே முடிகிறது என்பதே கண்ணுக்குத் தெரியாது. நிலவறைக்கு மட்டும் இந்தக் கணக்கு பொருந்தாது, அங்கே எவ்வளவு இருட்டுகிறதோ அவ்வளவு நல்லது.

உள்ளே போவதற்கு முன், வெளிச்சுவரை 15 நிமிடமாவது தனியாகப் பாருங்கள். கீழிருந்து மேல்நோக்கி அடிக்கும் விளக்கு பகல் வெளிச்சம் காட்டாத ஒன்றைக் காட்டுகிறது. சுவர் முழுக்கக் கை நுழையும் அளவுக்குப் பள்ளங்கள். பலரும் இதைப் போரில் விழுந்த ஓட்டை என்று நினைத்துக்கொள்கிறார்கள். ரோமுக்கு அருகே இருக்கும் திவோலியிலிருந்து வந்த டிராவெர்டீன் கற்களை அடுக்கும்போது சுண்ணாம்புச் சாந்து பூசாமல் இரும்புக் கவ்விகள் வைத்துப் பிணைத்தார்கள். அந்த இரும்பு சுமார் 300 டன் இருக்கும் என்பது மதிப்பீடு. இடைக்காலத்தில் உலோகத்துக்குத் தட்டுப்பாடு வந்தபோது, கல்லும் கல்லும் சேரும் இடமாகப் பார்த்துத் தோண்டி இரும்பை உருவிக்கொண்டு போனார்கள். பள்ளங்கள் எல்லாம் பெரும்பாலும் மூட்டுகளில்தான் இருக்கின்றன. பக்கவாட்டு வெளிச்சத்தில் ஒவ்வொன்றும் நிழல் விழுந்து தனித்தனியாகத் தெரியும்.

வடக்குப் பக்க வளைவுகளின் தலையில் ரோமன் எண்கள் செதுக்கியிருப்பதையும் அப்போதே தேடுங்கள். மொத்தம் 80 வளைவு, அதில் 76-க்கு எண் உண்டு. நான்கு முதன்மை வாயில்களுக்கு எண் கிடையாது. இன்று மிஞ்சியிருப்பவை 23 முதல் 54 வரை. 38-க்கும் 39-க்கும் நடுவில் எண்ணில்லாத ஒரு வாயில் நிற்கும், பெருந்தலைகள் நுழைந்த வழி அது. மற்றவர்கள் நுழைவுச் சீட்டாக வைத்திருந்த வில்லையில் இருந்த எண்ணைப் பார்த்து அந்தந்த வளைவு வழியாகப் போனார்கள். 50,000 பேருக்கு மேல் கொள்ளும் இடத்தில் நெரிசல் இல்லாமல் ஆளை ஏற்றி இறக்க 1,900 ஆண்டுக்கு முன் கண்ட வழி இது.

கிழக்குக் கோடிக்கு நடந்தால் செங்கல்லால் கட்டிய ஒரு பெரிய முட்டுச்சுவர் வரும். 1349 நிலநடுக்கத்தில் தெற்குப் பக்க வெளிச்சுவர் இடிந்து விழுந்தது. அதன் பிறகு மிஞ்சிய வளையத்தின் முனையும் சரியத் தொடங்கியதால், 19-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் கட்டடக் கலைஞர் ராஃபயேலே ஸ்டெர்ன் இந்த முட்டுச்சுவரைக் கட்டினார். நழுவத் தொடங்கிய கற்களை அவர் பழைய இடத்துக்குத் தூக்கிவைக்கவில்லை, நழுவிய நிலையிலேயே வளைவுக்குள் செங்கல் அடைத்து நிறுத்திவிட்டார். வளைவின் நடுக்கல் கீழிறங்கி, பக்கத்துக் கற்கள் சாய்ந்து, அப்படியே செங்கல்லுக்குள் புதைந்து நிற்பதை விளக்கொளியில் மிகத் தெளிவாகப் பார்க்கலாம். பெரும்பாலான குழுக்கள் இந்தப் பக்கம் வருவதே இல்லை.

சந்திக்கும் இடத்துக்கு 20 நிமிடம் முன்னதாகப் போய்விடுங்கள். கொலோசியோ மெட்ரோ வாசலிலும் கான்ஸ்டன்டைன் வளைவின் அருகிலும் ஒரே நேரத்தில் பத்துக் குழு கொடி பிடித்து நிற்கும், உங்கள் குழுவைக் கண்டுபிடிக்கவே நேரம் பிடிக்கும். பாதுகாப்புச் சோதனையில் கண்ணாடிப் பாட்டில், பெரிய பை, மது, ஸ்பிரே டப்பா எதையும் விட மாட்டார்கள். உள்ளே பை வைக்கும் அறை இல்லை. கோடையில் நிலவறைப் பக்கம் கொசு கடிக்கும். ஸ்பிரே எடுத்துப்போக முடியாதென்பதால் களிம்பாகக் கொண்டுபோங்கள் அல்லது அறையிலேயே பூசிக்கொண்டு கிளம்புங்கள். பிளாஸ்டிக் பாட்டிலில் தண்ணீர் கொண்டுபோகலாம், தெருவில் இருக்கும் நசோனே குழாய்களில் நிரப்பிக்கொள்ளலாம், குடிக்க நல்ல தண்ணீர். கைடு பேசுவதைக் கேட்பதற்குக் கொடுக்கும் கருவியில் மற்றக் குழுவின் சேனல் கலந்து வந்தாலோ, கொறகொறத்தாலோ, சோதனை வாயிலைத் தாண்டும் முன்பே மாற்றிக் கேளுங்கள். உள்ளே போன பிறகு மாற்றுக் கருவி கிடைக்காது.

இனி நிலவறை. கி.பி. 80-இல் பேரரசர் டைட்டஸ் கொலோசியத்தைத் திறந்துவைத்தபோது இது இப்போதைய வடிவத்தில் இல்லை. அவருடைய தம்பி டொமிஷியன் காலத்தில்தான் ஆடுகளத்துக்கு அடியில் இரண்டு அடுக்காகச் சுவர்களும் நடைபாதைகளும் எழுந்தன. மேலே மரப்பலகை, அதன் மேல் மணல், அடியில் விலங்குகளை மேலே ஏற்றும் இந்த இயந்திரக்கூடம். காலணி தயாரிக்கும் டோட்ஸ் நிறுவனத்தின் நிதியில் நடந்த சீரமைப்பு முடிந்து 2021 ஜூனில் இது பொதுமக்களுக்குத் திறந்தது. சுமார் 160 மீட்டர் நீள மரப்பாதை போட்டிருக்கிறார்கள்.

அங்கே நின்று பார்க்க வேண்டியது தரையும் சுவர்களும். தரைக் கற்களில் வட்டமான குழிகள் வரிசையாக இருக்கும். ஒவ்வொன்றும் ஒரு செங்குத்துச் சுழல்தண்டின் அடி உட்கார்ந்த இடம். தண்டில் குறுக்குக் கட்டைகள் செருகி ஆட்கள் சுற்றிச் சுற்றித் தள்ளுவார்கள், கயிறு சுற்றும், கூண்டு மேலே ஏறும். பக்கத்து டூஃபா கல் சுவரில் மேலிருந்து கீழாக ஓடும் காடிகள் அந்தக் கூண்டின் வழித்தடங்கள். கூண்டு உச்சியை எட்டியதும் சரிவுப் பலகை திறக்க, விலங்கு மணலின் மேல் தோன்றும். ஜெர்மன் தொல்லியல் கழகத்தின் ஹைன்ஸ்-யூர்கென் பெஸ்டே பல ஆண்டுகள் இந்தச் சுவர்களிலேயே உழைத்து, குழியையும் காடியையும் அளந்து இதைத் திரும்பக் கண்டுபிடித்தார். ஒரு சுழல்தண்டுக்கு 8 பேர் வேண்டும் என்பது அவர் கணக்கு. 2015-இல் ஒரு தூக்கியை மரத்தில் அப்படியே செய்து உள்ளே நிறுத்தினார்கள். அதன் முன்னால் நின்றுவிட்டுத் திரும்பவும் சுவர்க் காடிகளைப் பாருங்கள், எல்லாம் விளங்கிவிடும்.

பகலில் இதே இடத்தில் தலைக்கு மேலே மரத்தளத்திலும் அடுக்குகளிலும் ஆயிரக்கணக்கானோர் நடமாடும் சத்தம் விழுந்துகொண்டே இருக்கும், ஒரே நேரத்தில் 3,000 பேர் வரை உள்ளே அனுமதி உண்டு. இரவில் மேலே ஆளில்லை. நடைபாதை எவ்வளவு குறுகல், இருட்டில் எண்ணெய் விளக்கோடும் விலங்குகளின் நாற்றத்தோடும் நூற்றுக்கணக்கான அடிமைகள் இதற்குள் எப்படி வேலை செய்திருப்பார்கள் என்பது அப்போதுதான் உடம்புக்கு உறைக்கிறது. இரவுச் சுற்றுக்குக் கூடுதலாகக் கொடுக்கும் பணம் இந்த அமைதிக்காகத்தான்.

சுற்றின் தரம் பாதிக்கு மேல் கைடைப் பொறுத்தது. நல்ல கைடா என்று கண்டுபிடிக்கச் சில கேள்விகள் உண்டு. ‘சாகப்போகிறவர்கள் உங்களை வணங்குகிறோம்’ என்று அரங்கில் சண்டையிட்ட வீரர்களான கிளாடியேட்டர்கள் இங்கே முழங்கினார்கள் என்று சொன்னால் கைடு தயாராகவில்லை. கிளாடியஸ் மன்னர் காலத்தில், கொலோசியம் கட்டுவதற்கு முன்பே, ஃபூசினோ ஏரியில் நடந்த ஒரு போலிக் கடற்போரில் சொன்னதாகத்தான் அது பதிவாகியிருக்கிறது. அரங்கில் தண்ணீர் நிரப்பிக் கப்பல் விட்டார்கள் என்பதற்குத் திறப்புவிழா ஆண்டைப் பற்றிய பழைய குறிப்பு உண்டு. ஆனால் நிலவறைச் சுவர்கள் எழுந்த பிறகு அது நடந்திருக்க முடியாது. இந்த முன்பின்னை விளக்குகிறவர் விஷயம் தெரிந்தவர். கட்டைவிரலைக் கீழே காட்டினால் மரணம் என்பதும் உறுதியில்லை. விரலைத் திருப்பினார்கள் என்றுதான் லத்தீன் குறிப்பு சொல்கிறது, எந்தப் பக்கம் என்று சொல்லவில்லை.

கட்டும் பணம் எங்கிருந்து வந்தது என்றும் கேளுங்கள். 5-ஆம் நூற்றாண்டுக் கல்வெட்டு ஒன்று உள்ளே இருக்கிறது. அதன் எழுத்துகளுக்கு ஊடே சின்னச் சின்னத் துளைகள் தெரியும். முன்பு அதே கல்லில் வெண்கல எழுத்துகளைப் பொருத்திய ஆணித் துளைகள் அவை. கல்வெட்டு ஆய்வாளர் கேஸா ஆல்ஃபோல்டி 1995-இல் அந்தத் துளைகளை மட்டும் வைத்துப் பழைய வாசகத்தை மீட்டார்: போரில் கிடைத்த கொள்ளைப் பொருளைக் கொண்டு டைட்டஸின் தந்தை பேரரசர் வெஸ்பாசியன் இந்தப் புதிய அரங்கத்தைக் கட்டச் செய்தார். அது கி.பி. 70-இல் ஜெருசலேம் வீழ்ந்த போர் என்பதே ஆய்வாளர்கள் பலரின் முடிவு. இந்தக் கல்லின் முன் நிறுத்திக் காட்டும் கைடு கிடைத்தால் கொடுத்து வைத்தவர்கள் நீங்கள்.

படம் எடுப்பவர்களுக்கு: முக்காலி கொண்டுவர வேண்டாம். ஐஎஸ்ஓ 1600 முதல் 3200, கைப்பிடிக் கம்பியில் கேமராவை ஊன்றினால் 1/30 நொடி போதும். எக்ஸ்போஷரை ஒரு படி குறையுங்கள், இல்லாவிட்டால் விளக்கு எரியும் வளைவுகள் வெள்ளையாக வெளிறிவிடும். ஃபிளாஷ் இங்கே பயன்படாது. காலணி தட்டையாக, ரப்பர் அடியோடு இருக்கட்டும். வெளியே கருங்கல் பாவிய தரை, உள்ளே தேய்ந்த படிகள், மழைக்குப் பின் இரண்டுமே வழுக்கும். முழங்கால் வலி உள்ளவர்கள் படிகள் பற்றி முன்பே கேட்டு லிஃப்ட் வசதியை உறுதிப்படுத்திக்கொள்ளுங்கள்.

சுற்று முடிந்ததும் உடனே மெட்ரோவில் இறங்கிவிடாதீர்கள். ஃபோரி இம்பீரியாலி சாலை வழியே கேப்பிட்டோலைன் குன்று வரை 15 நிமிட நடை. இடது கைப் பக்கம் பண்டைய பொதுமண்டபமான மக்ஸென்டியஸ் பசிலிக்காவின் மூன்று பெரிய வளைவுக்கூடங்கள் விளக்கொளியில் நிற்கும். அவற்றின் அடியில் கிடப்பது டொமிஷியன் கட்டிய மிளகுக் கிடங்கு, நிலவறையை எழுப்பிய அதே மன்னர். சேரர்களின் முசிறியில் கப்பலேறிய மிளகு வந்து சேர்ந்த ஊரில், அரண்மனைப் பக்கமே அதற்கென்று கிடங்கு கட்டும் அளவுக்கு மதிப்பு இருந்தது. இதை எந்தச் சுற்றிலும் சொல்ல மாட்டார்கள், நாமே நின்று பார்த்துவிட்டுப் போக வேண்டும். குன்றின் மேலே நகராட்சிக் கட்டடத்துக்குப் பின்புறம் போனால் மூடிய ஃபோரம் முழுவதும் விளக்கோடு காலடியில் கிடக்கும், கட்டணம் இல்லை.

மெட்ரோ பி வழித்தடத்தில் கொலோசியோவிலிருந்து இரண்டாவது நிறுத்தம் டெர்மினி ரயில் நிலையம். ஞாயிறு முதல் வியாழன் வரை கடைசி வண்டி இரவு 11.30 வாக்கில், வெள்ளி சனி நள்ளிரவு தாண்டி 1.30 வரை. இந்த வழித்தடத்தில் பிக்பாக்கெட் அதிகம் என்பதால் பாஸ்போர்ட்டை முன்பக்கப் பையில் வையுங்கள். வாசலில் செஞ்சட்டைப் போர்வீரர் வேடத்தில் வந்து தோளில் கைபோடுகிறவர்கள் படம் எடுத்த பிறகுதான் காசு கேட்பார்கள், மறுத்துவிட்டு நடந்தால் போதும்.

நிலவறையோடு கூடிய சுற்றுக்கு என் மதிப்பெண் 5-இல் நாலரை. அரை குறைவது நேரத்துக்காக, உள்ளே கிடைக்கும் சுமார் ஒரு மணி நேரம் போதாது. அரீனா மட்டும் என்றால் மூன்று, அதுவும் சூரியன் மறைந்த உடனே உள்ள நேரம் கிடைத்தால்.